எதிர்த்தரப்பு வக்கீலின் அப்பா எழுதுவது

மதிப்பிற்குரிய மச்சான் அவர்களுக்கு,

இங்கு அனைவரும் நலம் என்று எழுதுகிறேன், எழுதித்தானே ஆரம்பிக்க வேண்டும். நீங்களும் குடும்பமும் அங்கே நலமாக இருப்பீர்கள். இங்கே நிலவரம் என்னவென்றால், வழக்குப் போட்டவன் நான், எதிராளி நம் வீட்டு முன்னறையில் வாடகைக்கு இருக்கும் தையற்காரர், அவருக்கு வக்கீல் உங்கள் மருமகள், அதாவது நான் பெற்ற மகள். எல்லோரும் ஒரே கூரையின் கீழ்தான் இருக்கிறோம். உங்கள் தங்கையிடம் நீ யார் பக்கம் என்று கேட்டேன். சாப்பாடு எல்லாருக்கும் ஒண்ணுதான் என்று சொல்லிவிட்டுப் போய்விட்டாள்.

பெண் பிள்ளை சட்டம் படிக்கட்டும் என்று முதலில் சொன்னவர் நீங்கள்தான், அதனால் முதல் கடிதம் உங்களுக்கு. இந்த ஊரில் கறுப்புக் கோட்டுப் போட்ட முதல் பெண் அவள். கோர்ட்டுக்குப் போன முதல் நாள், சேவகர் அவளைச் சாட்சிகள் பெஞ்சில் உட்காரச் சொன்னார். இரண்டாம் நாள், விவாகரத்தாம்மா என்று பரிவோடு விசாரித்தார். மூன்றாம் நாள் அவருக்கு விஷயம் புரிந்தது, ஆனால் பெண் வக்கீலை எங்கே உட்கார வைப்பது என்று யாருக்கும் தெரியாததால், பழைய வழக்குக் கட்டுகள் அடுக்கிய அறையில் ஒரு நாற்காலி போட்டுக் கொடுத்தார்கள். எட்டு மாதம் அங்கேயே உட்கார்ந்திருந்தாள். வழி தவறி வந்த ஒன்றிரண்டு பேரும் வக்கீல் சார் எப்ப வருவாரு என்று அவளிடமே கேட்டுவிட்டுப் போனார்கள். எனக்கு மனசு கேட்கவில்லை. கண்ணில் பட்டவரிடமெல்லாம் சொன்னேன், மருந்துக் கடைக்காரர், முடிதிருத்துபவர், ஒருவரையும் விடவில்லை. தையற்காரர் என் கால்சட்டைக்கு அளவெடுத்தபோதும் சொன்னேன், என் மகள் முகம் பார்க்கிறவள் இல்லை, பெற்ற அப்பனே ஆனாலும் நியாயம் இல்லையென்றால் விடமாட்டாள் என்று. அவர் வாயில் குண்டூசி இருந்ததால் தலையை மட்டும் ஆட்டினார்.

அப்புறம்தான் எனக்குப் பட்டது, ஆபீஸ் இல்லாததால்தான் வழக்கு வரவில்லை. தெருவைப் பார்த்த முன்னறை காலியானால் மேஜை போடலாம், புத்தக அலமாரி வைக்கலாம். தையற்காரரைக் கேட்டேன். பதினோரு வருஷமாக வாடிக்கைக்காரர்கள் இந்த வாசலுக்குத்தான் வருகிறார்கள், இரண்டு மிஷினையும் தூக்கிக்கொண்டு எங்கே போவேன் என்றார். சொந்த உபயோகத்துக்கு அறை வேண்டும் என்று வழக்குப் போட்டுவிட்டேன். மகளிடம் மூச்சு விடவில்லை, நல்ல காரியத்தைச் செய்து முடித்துவிட்டுச் சொல்வோம் என்றுதான். தையற்காரர் நோட்டீசை வாங்கினார், நான் சொன்னதை நினைத்துப் பார்த்தார், நேரே அவளிடம் போய்விட்டார். நீங்க சொன்னீங்களேன்னுதான் சார் போனேன் என்று என்னிடமே சொன்னார். அந்த மனுஷர் முகத்தில் கள்ளம் கபடம் எதுவும் இல்லை.

அன்று சாயங்காலம் நோட்டீசோடு வந்து என் முன்னால் நின்றாள். அழுவாள், இல்லை சண்டை போடுவாள் என்று காத்திருந்தேன்.

"கையெழுத்து உங்களோடதுதானேப்பா?"

"ஆமாம்மா."

"சரி. இனிமே இந்தக் கேஸைப் பத்தி என்கிட்ட எதுவும் பேசாதீங்க. உங்க வக்கீல் மூலமா பேசுங்க."

அதிலிருந்து சாப்பிடும்போது உப்பு வேண்டுமென்றால்கூட வக்கீல் மூலமாகக் கேட்க வேண்டுமோ என்று குழப்பமாக இருக்கிறது. என் வக்கீலுக்கு ஊரில் பெயரே வாய்தா வக்கீல். அவரிடம் என் நிலைமையைச் சொன்னேன். நான் ஜெயித்தால் அவளுக்கு ஆபீஸ் கிடைக்கும், ஆனால் முதல் வழக்கிலேயே அப்பனிடம் தோற்ற வக்கீலைத் தேடி யார் வருவார்கள்? நான் தோற்றால் அவளுக்குப் பெயர் கிடைக்கும், உட்கார இடம் கிடைக்காது. முப்பது வருஷம் கடை கடையாகத் தராசு சோதித்த எனக்கு எந்தத் தட்டு தாழ வேண்டும் என்று தெரியவில்லை. அதனால் வாதாடுங்கள், ஆனால் ரொம்ப நன்றாக வாதாட வேண்டாம் என்று கேட்டுக்கொண்டேன். என் வழக்கமே அதுதான் என்றார்.

நேற்று விசாரணை. வாய்தா வக்கீல் எழுந்ததும் பழக்க தோஷத்தில் வாய்தா கேட்டார், கிடைக்கவில்லை. நான் கூண்டில் ஏறினேன். அவள் எழுந்து நின்றாள். கோட்டு தோளில் கச்சிதமாக உட்கார்ந்திருந்தது, தைத்தது எதிராளி.

"சாட்சிக்கு அந்த அறை எதுக்கு வேணும்?"

"என் மகளோட ஆபீசுக்கு."

"மகள் கேட்டாங்களா?"

"கேக்கலை."

"வேணுமான்னு அவங்களை நீங்க கேட்டீங்களா?"

மச்சான், ஊரில் ஒருவர் பாக்கியில்லாமல் பேசியவன் நான், அவளிடம் மட்டும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. அது அந்தக் கூண்டில் நிற்கும்போதுதான் உறைத்தது. வெட்கமாகிவிட்டது. நீதிபதி கண்ணாடியைக் கழற்றிவிட்டு, அந்த மகளையே கூப்பிட்டு விசாரிக்கலாமே என்றார். கேள்வி கேட்பவளே அவள்தான் ஐயா என்றேன். வாதியின் மகள்தான் என்று அவள் முதல் நாளே எழுதிக் கொடுத்திருந்தாளாம். வழக்குக் கட்டைப் புரட்டிப் பார்த்த நீதிபதி தண்ணீர் கேட்டார். எனக்குக் கோபமும் பெருமையும் ஒன்றாக வந்ததில், எந்த முகத்தோடு இறங்கினேன் என்று தெரியவில்லை.

வெள்ளிக்கிழமை தீர்ப்பு. தாங்கள் வியாழனுக்குள் அவசியம் புறப்பட்டு வந்து, என்னையும் தையற்காரரையும் உட்கார வைத்துச் சமாதானம் செய்து வைக்க வேண்டும். யாரும் ஜெயிக்க வேண்டாம், யாரும் தோற்க வேண்டாம். என்னால் அவளிடம் பேச முடியாது, தடை இருக்கிறது. வீட்டில் பெரியவர்களுக்கு என் வணக்கம், சிறுசுகளுக்கு ஆசிகள்.

இப்படிக்கு,
தங்கள் தங்கையின் கணவன் (வாதி)

பி.கு. கடிதத்தைத் தபாலில் போட மறந்து பையிலேயே வைத்திருந்தேன், அதற்குள் தீர்ப்பு வந்துவிட்டது. தோற்றுவிட்டேன். நீங்கள் வர வேண்டாம். கோர்ட்டு வராந்தாவில் நான்கு பெண்கள் அவள் பின்னாலேயே வந்தார்கள். "சொந்த அப்பாவையே விடலை, என் வீட்டுக்காரரையா விடப்போகுது" என்று ஒருத்தி சொன்னது என் காதில் விழுந்தது. இன்று காலையிலிருந்து கூடத்தில் நிற்க இடமில்லை, தையற்காரர் தன் முக்காலியைக் கொடுத்திருக்கிறார், இதை நான் கொல்லையில் வாளியைக் கவிழ்த்து உட்கார்ந்து எழுதுகிறேன். இப்போதுதான் அவளிடம் போய், உனக்கு ஆபீஸ் வேணுமாம்மா என்று முறைப்படி கேட்டேன். "வேணும்ப்பா. முன்னறை என் கட்சிக்காரரோடது, அதைத் தொட முடியாது. உங்க அறையைக் குடுங்க" என்றாள். ஆகவே அடுத்த சனிக்கிழமை நான் அங்கே வருகிறேன், ஒரு கட்டில் போட இடம் பார்த்து வையுங்கள். காலி செய்ய மாட்டேன் என்று வழக்காடலாம்தான். ஆனால் ஜெயிக்கிற வக்கீல் இந்த ஊரில் ஒருத்திதான் இருக்கிறாள்.