டோக்கியரின் பாதிப் பாட்டு

மனிதரைப் பார்த்துப் பாடத் தெரியாத பாடகர் உலகில் ஒருவர்தான் இருந்திருக்கமுடியும். அவர் எங்கள் டோக்கியர். பாடச் சொன்னால் சபைக்கு முதுகைக் காட்டிவிடுவார். முகம் ஏதாவதொரு மரத்தைத் தேடும். மரம் இல்லாவிடில் தண்ணீர்க்குடம். குடமும் இல்லாத ஓரிடத்தில், கட்டியிருந்த ஆட்டைப் பார்த்துப் பாடினார். ஆடு பொறுமையாகக் கேட்டது.

காரணம் இருந்தது. 'டோக்கி' என்ற பேசும்படம் வந்த புதிதில், சிறுபிள்ளைகளாயிருந்த அவரையும் தமக்கையையும் ஒரு மாமன் யாழ்ப்பாணத்திலிருந்து சென்னைக்குக் கூட்டிச்சென்று படங்களில் சோடியாகப் பாடவைத்தார். அந்நாளில் நடிக்கும்போதே பாடவேண்டும். ஒலிவாங்கியைச் செடிக்குள் மறைத்துவைப்பார்களாம்.

"கடவுளைக் கும்பிட்டாலும் வாய் செடிப் பக்கம் இருக்கோணும், மாஸ்டர்" என்று பள்ளி ஆசிரியனான என்னிடம் சொல்வார்.

தொண்ணூறுகளின் நடுவில் போரால் இடம்பெயர்ந்து, வன்னியில் விசுவமடுவில் ஒரே வளவில் இருவரும் கொட்டில் போட்டோம். அவர் தனியாள். நானும் அவ்வாண்டுதான் தனியாளாகியிருந்தேன். அதைப்பற்றி அவர் கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை.

அயலில் ஒரு கலியாணவீட்டில் டோக்கியர் பந்தற்காலைப் பார்த்து இரண்டடி பாடிவிட்டு நிறுத்தினார். சபை கைதட்டியது. கையை உயர்த்தி அடக்கினார். பிறகும் பேசாமல் நின்றார். பாட்டு மறந்துபோயிற்றென்று இரங்கி, மாப்பிள்ளையின் தகப்பனார் தேநீர் அனுப்பினார். தேநீரையும் தடுத்துவிட்டு, தாளம் பிசகாமல் அடுத்த அடியை எடுத்தார். பாட்டு முடியும்வரை இப்படியே பாதி பாட்டு, பாதி மௌனம்.

திரும்பும் வழியில் விசாரித்தேன்.

"அது அக்காவின்ரை இடம், மாஸ்டர். அதுக்குள்ளை நான் எப்பிடிப் பூருறது?"

அந்தத் தமக்கை, அந்தச் சோடிப் பாட்டு இடம்பெற்ற படம் வெளிவந்த கையோடு காய்ச்சலில் போய்விட்ட சிறுமி. சிறிது தூரம் நடந்தபின், "முகம் ஞாபகத்திலை கிடக்கு. குரல்தான் மறந்துபோச்சுது" என்றார்.

மலையகத்திலிருந்து வந்து குடியேறிய சைக்கிள் கடைக் கணேசுவுக்கு, செட்டிகுளத்தார் ஒருவர் மூலம் பழைய படப்பாட்டுக் கசெற் ஒன்று கிடைத்தது. அதில் அந்தச் சோடிப் பாட்டும் இருப்பதாகச் செய்தி வந்தபோது, டோக்கியர் சேட்டுப் போட மறந்து ஓடினார்.

மின்சாரமும் இல்லை, பற்றறியும் இல்லை. அன்றைய வன்னி வழக்கப்படி சைக்கிளைக் கவிழ்த்து நிறுத்திப் பெடலைக் கையால் சுற்றினால், டைனமோ மின்சாரத்தில் கசெற் ஓடும். சுற்றுபவரின் வேகமே பாடகரின் வேகம்.

முதலில் கணேசு சுற்றினான். வாலிப வேகம். இரண்டு அணில்கள் சண்டையிடுவதுபோல் கேட்டது. இது அக்கா இல்லையென்று டோக்கியர் கண்டிப்பாகச் சொல்லிவிட்டார். நான் பெடலை வாங்கினேன். வேகம் சீரானது. ஒரு சிறுமியின் குரல் தெளிந்து எழுந்தது.

"ஓம்" என்றார் டோக்கியர். "அவாதான்."

பாட்டின் நடுவில் என் கை ஓய்ந்தது. குரல் கனத்து, தாழ்ந்து, நடுங்கியது, சிறுமி கிழவியானாள். கணேசு சிரித்துவிட்டான். நான் வெட்கத்தோடு வேகத்தைக் கூட்டப்போனேன். டோக்கியர் என் மணிக்கட்டைப் பிடித்தார்.

"வேண்டாம், மாஸ்டர். இப்ப இருந்திருந்தா அவா இப்பிடித்தான் பாடுவா. இந்த வேகத்திலையே விடுங்கோ."

கணேசுவின் சிரிப்பு நின்றது. "கை வலிக்குதா ஐயா, நான் சுத்தட்டுமா?" என்று தணிந்த குரலில் கேட்டான்.

வேண்டாம் என்று தலையசைத்தேன். பாட்டு முடியும்வரை, சற்றும் வேகம் கூடிவிடாதபடி, நானே சுற்றினேன். வாழ்நாளில் வேறெதையும் அத்தனை கவனமாகச் செய்ததாக எனக்கு நினைவில்லை.