இரண்டு புள்ளி ஒன்று சென்டிமீட்டர்

"விட்டுடுங்க" என்று டாக்டர் சொன்னதுதான் பிளம்பருக்குப் பொறுக்கவில்லை.

சுவரில் உள்ளங்கை அகலம் ஈரம் தெரிந்தாலே, "இதை இப்படியே விட்டீங்கன்னா சீலிங் தலையில விழும்" என்று வீட்டுக்காரர்களைக் கதிகலங்க வைக்கிற மனிதர் அவர். இருபத்து மூன்று வருட சர்வீஸ். இப்போது அவருடைய கல்லீரலுக்குள்ளேயே தண்ணீர் தேங்கி நிற்கிறது. அதை மட்டும் விட்டுவிட வேண்டுமாம்!

சிறுநீரகத்தில் கல் இருக்கிறதா என்று பார்க்கப் போன ஸ்கேன் அது. கல் இல்லை. கல்லீரலில் நீர்க்கட்டி இருந்தது. இரண்டு புள்ளி ஒன்று சென்டிமீட்டர்.

"சாதாரண நீர்க்கட்டிங்க. மெல்லிசா ஒரு சுவர், உள்ள தெளிஞ்ச தண்ணி. எத்தனையோ பேருக்கு இருக்கும், தெரியாமலே காலம் தள்ளுவாங்க."

"ஊசி போட்டு உறிஞ்சிடுங்களேன்."

"மறுபடியும் ஊறிடும். பெருசாகி வலி குடுத்தா, சின்னத் துளை வழியா அதோட மேல்சுவரை வெட்டி விடுவோம். உள்ள தடுப்பு, கெட்டியான பகுதி ஏதாவது தெரிஞ்சா வேற டெஸ்ட் பார்ப்போம். உங்களுக்கு அதெல்லாம் இல்ல."

"கசிவு எங்கேன்னு கண்டுபிடிக்காம எப்படி சார்..."

டாக்டர் அடுத்த ஆளைக் கூப்பிட மணியை அடித்தார்.

மனைவியிடம் சொல்வதில்லை என்று பிளம்பர் தீர்மானித்தார். சீரியலில் யாராவது இருமினாலே கண்ணைத் துடைக்கிற ஜீவன். தாங்க மாட்டாள். ரிப்போர்ட்டை மடித்து, கருவிப் பையில் குழாய்ச் சாவிக்குக் கீழே புதைத்தார். அன்றிலிருந்து இடது பக்கமாகவே படுத்தார். வலது பக்கம் படுத்தால் கட்டி அழுந்தி உடைந்துவிட்டால்?

நாலாம் நாள், ஆணி தேடிய மனைவியின் கையில் ரிப்போர்ட் வந்தது. நல்லவேளை, பெயர் இருந்த இடத்தில் கிரீஸ் அப்பியிருந்தது.

"என்னங்க இது?"

பிளம்பரின் வாயில் முதலில் வந்தவன் மச்சான்தான். "உன் தம்பியோடது. டிரைவிங் ஸ்கூல்ல எல்லாருக்கும் செக்கப் பண்ணாங்கல்ல? வாங்கிட்டு வந்தேன். அவன்கிட்ட சொல்லிடாதே."

இதோ அழப்போகிறாள் என்று துண்டை எடுத்துத் தயாராக நின்றார். அவளோ கண்ணாடியை மாட்டிக்கொண்டு நிதானமாகப் படித்தாள்.

"வயித்து வலி இருக்கா?"

"இல்ல."

"சாப்பிட்டதும் வயிறு திம்முனு இருக்குன்னானா?"

"இல்ல."

"உள்ள தடுப்பும் இல்லன்னு போட்டிருக்கு. அப்ப விடுங்க."

மறுபடியும் 'விடுங்க'!

"கூடப்பிறந்தவன் ஈரல்ல தண்ணி நிக்குது, நீ வெங்காயம் உரிச்சிட்டிருக்கே! உனக்கு நெஞ்சுல ஈரமே இல்லையா?"

"கண்ணுல இருக்கே, போதாதா?"

பிளம்பருக்கு ஆத்திரம் தலைக்கேறியது. என்னுடையது என்று தெரிந்தாலும் இப்படித்தான் உரிப்பாளோ? அவளை லேசாக ஆட்டிப் பார்க்கலாம் என்று, "இன்னொரு ஸ்கேன் உடனே எடுக்கணுமாம்" என்று ஒரு பிட்டைப் போட்டார்.

அவள் உடனே போனை எடுத்தாள். "டேய் தம்பி, பயப்படாதே..."

மச்சானிடம் சொல்லவே கூடாத வார்த்தை அது. தினமும் கற்றுக்குட்டிகள் ஓட்டும் காரில் பக்கத்தில் உட்கார்ந்து எமனோடு கை குலுக்குகிறவன்தான். ஆனால் தும்மல் வந்தால் உயில் எழுதத் தாள் கேட்பான். இருபதே நிமிடத்தில் வந்து நின்றான், இடது விலாவைப் பிடித்துக்கொண்டு.

"அக்கா, நாலு நாளா வலிக்குதுக்கா!"

"ஈரல் வலது பக்கம்டா."

அவன் கையை மாற்றிக்கொண்டான். "ஆமா, இங்கதான். மாமா, இவ்ளோ பெரிய விஷயத்தை ஒத்தை ஆளா மனசுல சுமந்தீங்களா?"

பிளம்பருக்குப் பொறாமையாக இருந்தது. தனக்காக யாராவது இப்படிப் பதறக் கூடாதா?

ஊரில் இருப்பது இரண்டே ஸ்கேன் சென்டர்கள். "மார்க்கெட் பக்கம் போகலாம்" என்றாள் மனைவி. பிளம்பர் ஸ்கேன் எடுத்ததே அங்கேதான்; போனால் முகத்தை அடையாளம் கண்டுவிடுவார்கள். "பார்க் எதிரில் இருக்கறதுதான் நல்ல இடம்" என்றார்.

"அங்க வேண்டாங்க."

"ஏன்?"

"வேண்டாம்னா வேண்டாம்."

"அந்தக் கட்டடத்துக்கு பைப் போட்டதே நான். என்னை நம்ப மாட்டியா?"

பார்க் எதிரில் போனார்கள். வாசலிலேயே மனைவி மாஸ்க்கைக் கண்ணுக்குக் கீழே வரை இழுத்துவிட்டுக்கொண்டாள். மச்சான் உள்ளே போனவன், கால் மணி நேரத்தில் வயிற்றில் ஜெல் வழிய வெளியே ஓடிவந்தான்.

"க்ளீனாம் மாமா! ஒண்ணுமே இல்லையாம்! கட்டி கரைஞ்சிடுச்சு!"

"அதெல்லாம் தானா நாலு நாள்ல கரையாதுடா" என்ற மனைவி, பழைய ரிப்போர்ட்டை எடுத்துக் கிரீஸை நகத்தால் சுரண்டினாள். ஒரு பெயரின் பாதி தெரிந்தது. அந்தப் பாதியே போதுமாயிருந்தது.

"அதான் இடது பக்கமாவே படுத்தீங்களா?"

பிளம்பர் தரையைப் பார்த்தார். இருபத்து மூன்று வருட அனுபவத்தில் இப்படி ஒரு இடத்தில் அவர் கசிந்ததில்லை. "நீ தாங்க மாட்டேன்னுதான்மா சொல்லல. நாலு நாளா நான் பட்டது எனக்குத்தான் தெரியும்."

"கட்டின பொண்டாட்டிகிட்ட மறைக்கிற விஷயமா இது?" என்று கேட்க ஆரம்பித்தவள், மூச்சு முட்டியதில் மாஸ்க்கைக் கழற்றினாள்.

கவுன்டரில் இருந்த பெண்ணின் முகம் மலர்ந்தது.

"அட, நீங்களாக்கா! மாஸ்க்ல அடையாளமே தெரியல. உங்க நாலு சென்டிமீட்டரைப் பார்க்க இன்னும் ரெண்டு மாசம் இருக்கே? 'வீட்டுக்காரர் பார்த்தா தாங்க மாட்டார்'னு குடுத்தீங்களே, எட்டு வருஷ ரிப்போர்ட்டும் இங்கயே பத்திரமா இருக்குக்கா!"