மேசையில் ஒரு டிராயர் குறைந்தபோது

சனிக்கிழமை காலை எட்டரை மணிக்கு, பல் தேய்த்துக்கொண்டிருக்கும்போதே, தத்துவ வாத்தியார் ஒரு முடிவுக்கு வந்துவிட்டார். இன்று சாயங்காலத்துக்குள் அந்தச் சின்ன ரூமைப் பிடித்துவிட வேண்டும். சண்டை கூடாது. சத்தம் கூடாது. முழுக்க முழுக்கத் தர்க்கத்தால் பிடிக்க வேண்டும்.

அவர் கல்லூரியில் தத்துவம் நடத்துகிறவர். வகுப்பில் பதினோரு பேர். அதில் ஏழு பேர் வேறு பாடம் கிடைக்காமல் வந்து சேர்ந்தவர்கள். அதனாலெல்லாம் மனிதருக்கு உற்சாகம் குறைந்ததே கிடையாது. எண்ணூறு, தொள்ளாயிரம் வருஷத்துக்கு முன்னால் ஐரோப்பிய மடாலயங்களில் உட்கார்ந்து, 'வீடு என்பது என்ன, வெறும் கல்லும் மரமுமா, அதற்கும் மேலே ஏதாவது உண்டா' என்று மண்டையைப் பிய்த்துக்கொண்ட துறவிகள்தான் அவருக்குச் சொந்தபந்தம் மாதிரி. அவர்களைப் பற்றி ஒரு புத்தகம் எழுத ஆரம்பித்து ஆறு வருஷம் ஆகிறது. இதுவரை முன்னுரையை மட்டும் நான்கு தடவை முடித்திருக்கிறார். கேட்டால், உட்கார்ந்து எழுத இடமில்லை என்பார். சாப்பாட்டு மேசையில் எழுதினால் தாளில் எண்ணெய் படுகிறது. கட்டிலில் எழுதினால் தூக்கம் வந்துவிடுகிறது.

வீட்டில் இருந்த ஒரே உபரி ரூம் மனைவியிடம் இருந்தது. அவள் தையல்காரி. அந்தத் தெருவில் யார் இளைத்தார்கள், யார் பெருத்தார்கள் என்பது டாக்டருக்கு முன்னால் அவளுக்குத் தெரியும். ரூமின் நடுவே, ஒரு ஆள் கால் நீட்டிப் படுக்கிற நீளத்துக்கு, துணி வெட்டுகிற மேசை. ஒரு பக்கம் மூன்று டிராயர்.

"எனக்கு ஒரு அறை வேணும்" என்று போன மாதம் மரியாதையாகத்தான் கேட்டுப் பார்த்தார்.

"எந்தக் கன்னத்துல?" என்றாள் மனைவி, துணியிலிருந்து கண்ணை எடுக்காமல்.

"நான் விளையாடலை. எனக்கும் வேலை இருக்கு."

"என்னுது வெட்டுற வேலை. உங்களுது வெட்டி வேலை. மேசை யாருக்கு வேணும்னு நீங்களே சொல்லுங்க."

வாத்தியார் அதோடு விட்டுவிட்டார். கேட்க அவருக்கு உரிமையும் இல்லை. இந்த வீட்டுக்குக் குடிவந்த அன்று, சாமான் எல்லாம் உடையாமல் வந்து சேர்ந்த சந்தோஷத்தில், "இந்த மேசை இந்த ரூம்ல இருக்கிற வரைக்கும் ரூம் உன்னுது" என்று வாயை விட்டுவிட்டார். மேசையின் இன்னொரு முனையைத் தூக்கிக்கொண்டு வந்த அடுத்த வீட்டுத் தச்சர் அதற்குச் சாட்சி. ஆடுகிற நாற்காலி, இறுக மறுக்கிற ஜன்னல், எதுவானாலும் ஒரு ஆப்பை வைத்துச் சரிசெய்வதால், தெருவில் அவருக்குப் பெயரே ஆப்பு.

நிலைமை இப்படி இருக்கையில்தான், வெள்ளிக்கிழமை பஸ்ஸில் வரும்போது, நூலகத்துப் புத்தகத்தில் மூன்றாம் அத்தியாயத்தைப் படித்தார். அந்தக் காலத்துத் துறவி ஒருவர் அடித்துச் சொல்கிறார்: ஒரு பொருள் என்பது அதன் பகுதிகள்தான். ஒரே ஒரு பகுதி போனாலும், மிச்சம் நிற்பது பழைய பொருள் இல்லை. வேறு பொருள். வாத்தியாருக்கு உடம்பெல்லாம் சிலிர்த்தது. இறங்கவேண்டிய இடத்தைத் தாண்டி இரண்டு நிறுத்தம் போய் இறங்கி, அவ்வளவு தூரமும் சிரித்துக்கொண்டே நடந்து வந்தார்.

சனிக்கிழமை பத்து மணிக்கு மனைவி நூலும் லைனிங் துணியும் வாங்கக் கிளம்பினாள். அவள் தெருமுனை திரும்பினாளோ இல்லையோ, வாத்தியார் ரூமுக்குள் இருந்தார். கீழ் டிராயரை இழுத்தார். உடைந்த பட்டனும், முனை போன கத்தரிக்கோலும், பாதி தேய்ந்த சாக்குக்கட்டியும். அத்தனையையும் ஒரு டப்பாவில் கொட்டினார். டிராயரை உருவிக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு அடுத்த வீட்டுக்கு ஓடினார்.

"இந்தாங்க. வெச்சுக்குங்க. ஆணி போட்டு வெச்சுக்கலாம்."

ஆப்பு டிராயரைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "அக்காவோட மேசையிது. அக்காவுக்குத் தெரியுமா?"

"இனிமே தெரியும்."

"சார், எனக்கு இந்தத் தெருவுல இன்னும் குடியிருக்கணும்."

"பயப்படாதீங்க. இது தத்துவம்" என்று சொல்லிவிட்டு வாத்தியார் திரும்பி வந்து, வாசற்படியில் உட்கார்ந்து காத்திருந்தார். கால் நிலைகொள்ளவில்லை.

மனைவி வந்தாள். ரூமுக்குள் போனாள். அடுத்த நிமிஷம் வெளியே வந்தாள்.

"டிராயர் எங்கே?"

"எந்த மேசையோட டிராயர்?"

"என்னங்க கேள்வி இது? நம்ம வீட்டுல எத்தனை மேசை இருக்கு, வெட்டுறதுக்கு?"

"அங்கதான் விஷயமே இருக்கு. நான் ரூமை எந்த மேசைக்குக் கொடுத்தேன்? மூணு டிராயர் வெச்ச மேசைக்கு. இப்ப உள்ள நிக்கிறதுக்கு எத்தனை டிராயர்? ரெண்டு. ஒரு பகுதி போனா அந்தப் பொருளே போச்சு. நான் வாக்குக் கொடுத்த மேசை இப்ப உலகத்துலயே இல்லை. அது இல்லைன்னா வாக்கும் இல்லை. ரூம் என்னுது."

பாத்திரம் பறக்கும் என்று எதிர்பார்த்தார். அதற்காகவே ஜன்னலை முன்கூட்டியே சாத்தி வைத்திருந்தார். மனைவியோ பையைக் கீழே வைத்துவிட்டு, எதிரில் உட்கார்ந்தாள்.

"இன்னொரு தடவை சொல்லுங்க. மெதுவா."

சொன்னார்.

"இது நீங்களா கண்டுபிடிச்சதா, புத்தகத்துல இருக்கா?"

"புத்தகத்துல இருக்கு. மூணாம் அத்தியாயம்."

"சரி" என்றாள் மனைவி. பத்தொன்பது வருஷத்தில் அவள் ஒரே பேச்சில் 'சரி' என்று சொன்னது அதுதான் இரண்டாவது தடவை. முதல் தடவை கல்யாணத்துக்கு. "அதை அப்படியே ஒரு தாள்ல எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுங்க. எனக்கு மறந்து போயிடும். புத்தகத்தையும் கொடுங்க, படிச்சுப் பார்க்கிறேன்."

இத்தனை வருஷத்தில் அவருடைய பாடத்தைப் பற்றி அவள் ஒரு வார்த்தை கேட்டதில்லை. வாத்தியார் தாளை எடுத்து, முத்து முத்தாக எழுதினார்: 'ஒரு பகுதி போனாலும் அது பழைய பொருள் ஆகாது. பழைய பொருளை வைத்துச் செய்த ஏற்பாடு எதுவும் செல்லாது.' கீழே கையெழுத்து, தேதி. ஆப்புவைக் கூப்பிட்டு மேசையை ஹாலுக்குத் தள்ளினார்கள். ஐந்து நடையாகப் புத்தகத்தை உள்ளே கொண்டுபோய் அடுக்கினார். நாற்காலியைப் போட்டு உட்கார்ந்தார். முன்னுரையை ஐந்தாம் தடவையாக ஆரம்பித்தார்.

எழுத முடியவில்லை. ஹாலிலிருந்து கேள்வி வந்துகொண்டே இருந்தது.

"ஏங்க, சட்டைக் காலர் நைஞ்சு போச்சுன்னு திருப்பி வெச்சுத் தைக்கிறேன். அது அதே சட்டையா, வேறயா?"

வாத்தியார் பேனாவைப் போட்டுவிட்டு ஓடி வந்தார். "பிரமாதமான கேள்வி. பகுதி ஒண்ணும் போகலை, அடுக்கினது மட்டும் மாறியிருக்கு. அதுக்கு அந்தக் காலத்துல ரெண்டு கட்சி."

கொஞ்ச நேரம் கழித்து: "ஏங்க, உங்களுக்குப் போன வருஷம் ஒரு கடைவாய்ப்பல் பிடுங்கினாங்களே. அப்ப நீங்க வேற ஆளா? நான் யாரோ ஒருத்தருக்கா துவைச்சுப் போட்டுட்டிருக்கேன்?"

"அங்கதான் உயிர் வருது. மனுஷனுக்கு உயிர்னு ஒண்ணு உள்ள இருந்து எல்லாத்தையும் ஒண்ணாப் பிடிச்சு வெச்சிருக்கு. பல்லு போனாலும் ஆள் அதே ஆள். மேசைக்கு அந்த மாதிரி உயிர் கிடையாது. பின்னால வந்த ஒருத்தர் இதை எவ்வளவு அழகா சொல்றார் தெரியுமா?"

"தெரியும். அதைத்தான் படிச்சிட்டிருக்கேன்."

ஞாயிறு, திங்கள், செவ்வாய். மூன்று நாளும் வீடு வீடாக இல்லை. ஒரு பக்கம் தையல் மெஷின் ஓடும், மறு பக்கம் விவாதம் ஓடும். வகுப்பில் பதினோரு பேரும் சேர்ந்து ஆறு மாதத்தில் கேட்காததை அவள் ஒரு பாவாடைக்கு ஓரம் அடித்து முடிப்பதற்குள் கேட்டாள். வாத்தியார் இரண்டு தடவை சாப்பிட மறந்தார். கல்லூரிக்குப் போகும்போது சீட்டி அடித்தார். ரூமும் கிடைத்தது, கேட்க ஆளும் கிடைத்தது, ஒரு மனிதனுக்கு வேறென்ன வேண்டும்?

புதன்கிழமை நான்கு மணிக்கு வீடு திரும்பினார். ரூமுக்குக் கதவைக் காணோம்.

நிலை இருந்தது. கீல் இருந்த இடத்தில் வெள்ளை வெளேரென்று நாலு தழும்பு இருந்தது. கதவு மட்டும் இல்லை. உள்ளே அவருடைய நாற்காலியில் மனைவி உட்கார்ந்து ஒரு ரவிக்கைக்குக் கொக்கி தைத்துக்கொண்டிருந்தாள். ஆப்பு ஓரமாக நின்று திருப்புளியைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

"கதவு எங்கே?"

"எந்த ரூமோட கதவு?" என்றாள் மனைவி.

வாத்தியாருக்கு எங்கேயோ கேட்ட மாதிரி இருந்தது.

"நீங்க பிடிச்சது கதவு வெச்ச ரூம். இது கதவு இல்லாத ரூம். உங்க ரூம் இப்ப உலகத்துலயே இல்லை. இது வேற ரூம். மத்தியானம் ரெண்டு மணிக்குப் பிறந்தது. முதல்ல நான்தான் வந்து உட்கார்ந்தேன்." கையெழுத்துப் போட்ட தாளை எடுத்து நீட்டினாள். "இது உங்க எழுத்துதானே?"

வாத்தியார் தாளை வாங்கி ஒரு தடவை படித்தார். அப்புறம் முகம் மலர்ந்தது. தப்பிக்க வழி இருந்தது. அந்தப் பழைய ஆட்களிடம் இதற்கு மருந்தில்லாமலா?

"அவசரப்படாதே. எல்லாப் பகுதியும் ஒண்ணு இல்லை. அவங்களே பிரிச்சு வெச்சிருக்காங்க. முக்கியமான பகுதி வேற, சில்லறைப் பகுதி வேற. வீட்டுக்கு அஸ்திவாரம், சுவர், கூரை. இது போனாத்தான் வீடு போச்சு. கதவு அந்தக் கணக்குல வராது. கதவைக் கழட்டினாலும் ரூம் அதே ரூம்தான். என் ரூம்தான்."

"நாலாம் அத்தியாயம்" என்றாள் மனைவி.

"ஆமா, நாலாம்... நீ படிச்சிட்டியா?"

"திங்கட்கிழமையே. நீங்க மூணோட நிறுத்திட்டீங்களோன்னு பார்த்தேன்." ஊசியைத் துணியில் குத்தி வைத்தாள். "அப்ப ஒண்ணு சொல்லுங்க. மேசைக்கு எது முக்கியம்?"

"மேசைக்கு... மேல் பலகை. கால்."

"டிராயர்?"

வாத்தியார் ஆப்புவைப் பார்த்தார். ஆப்பு கூரையைப் பார்த்தார்.

"டிராயர் முக்கியம்னு சொன்னீங்கன்னா, கதவும் முக்கியம், உங்க ரூம் போச்சு. டிராயர் சில்லறைன்னு சொன்னீங்கன்னா, என் மேசை அதே மேசை, உங்க வாக்கு அப்படியே நிக்குது. மேசையும் தானா வெளியே போகலை, நீங்கதான் தள்ளினீங்க. எது வேணும்னு நிதானமா யோசிச்சுச் சொல்லுங்க. எனக்கு இன்னும் ஆறு கொக்கி இருக்கு."

"ரெண்டு பக்கமும் ஆப்பு" என்றார் தச்சர், தொழில் மரியாதையோடு.

நியாயமாக வாத்தியாருக்குக் கோபம் வந்திருக்க வேண்டும். வரவில்லை. நிலையைப் பிடித்துக்கொண்டு அந்த வாதத்தை மனசுக்குள் முன்னும் பின்னும் ஓட்டிப் பார்த்தார். ஒரு இடத்தில்கூடப் பிசிறு இல்லை. நேர்த்தியாகத் தைத்திருந்தாள். அவருக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. தோற்ற கையோடு மேசையின் ஒரு முனையைத் தானே தூக்கி உள்ளே வைத்தார். டிராயரும் வந்தது, கதவும் வந்தது. புத்தகங்கள் ஐந்து நடையாகக் கட்டிலுக்கடியில் போயின.

அடுத்த நாள் கல்லூரியில் துறைத்தலைவி அம்மாவைப் பிடித்து நிறுத்தி, கரும்பலகையில் மேசை வரைந்து, கதவு வரைந்து, அந்த வாதத்தை மூச்சுவிடாமல் சொன்னார். யார் கேட்டது என்றபோது மட்டும் நாக்கு லேசாகப் பிறழ்ந்தது. "என் மாணவி ஒருத்தி" என்றார்.

துறைத்தலைவி கண்ணாடியைக் கழற்றினார். "முப்பது வருஷமா இந்தப் பாடம் எடுக்கிறேன். இப்படி ஒரு மாணவியை நான் பார்த்ததே இல்லை. எந்த வருஷம்?"

"பத்தொன்பதாவது வருஷம்" என்று உளறி, உண்மையை ஒப்புக்கொண்டார்.

சனிக்கிழமை பதினோரு மணிக்குத் துறைத்தலைவி வீட்டுக்கே வந்துவிட்டார். வாத்தியார் பரபரவென்று வாசலுக்கு ஓடி, வணக்கம் சொல்லி, தன்னுடைய ஐந்தாவது முன்னுரையைக் கையில் கொடுத்தார். அவர் அதை வாங்கி விசிறிக்கொண்டே, "உங்க வீட்டம்மா எங்கே?" என்று கேட்டு நேராகச் சின்ன ரூமுக்குள் போய், வெட்டு மேசைக்கு எதிரில் உட்கார்ந்தார். உள்ளேயிருந்து சிரிப்பும் பேச்சும் கலந்து வந்தன. வாத்தியார் இன்னொரு நாற்காலியைத் தூக்கிக்கொண்டு ஆசையாக நெருங்கும்போது மனைவி எட்டிப் பார்த்தாள்.

"ஏங்க, மேடத்துக்கு ஏதோ சந்தேகமாம், என்னைக் கேட்கிறாங்க. ரெண்டு டீ போட்டு எடுத்துட்டு வாங்களேன்."

"ரெண்டா? நாம மூணு பேராச்சே?"

"பால் ரெண்டு பேருக்குத்தாங்க இருக்கு" என்றாள்.