வட்டில் சொல்லும் காலம்

வரைபடத்தில் விரல் வைத்துத் தேட வேண்டாம், கண்ணுகளா. ஏழ்கரை நாடு எந்த வரைபடத்திலும் இல்லை. ஆனாலும் அங்கே ஒரு நல்ல சட்டம் இருந்தது. அரசர் ஐந்தாண்டுதான் ஆளலாம். பிறகு மக்கள் ஓலையில் பெயரெழுதிக் குடத்தில் போட்டு அடுத்தவரைத் தேர்ந்தெடுப்பார்கள். ஐந்தாண்டை அளக்க அரண்மனையில் ஒரு நாழிகை வட்டில் இருந்தது. அடியில் ஊசித்துளை போட்ட சின்னச் செப்புக் கிண்ணம் அது. தண்ணீரில் மிதக்கவிட்டால் மெல்ல நீர் ஏறி, சரியாக ஒரு நாழிகையில் மூழ்கும். அதை எடுத்துக் கவிழ்த்து, மறுபடி மிதக்கவிட்டு, மணியடிப்பது ஆவுடை என்ற பத்தொன்பது வயதுப் பெண்ணின் வேலை. வட்டிலைத் தட்டித் துளையிட்டவள் அவளைப் பெற்ற குயிலாயி.

நெடுமுடி மன்னரின் ஆட்சியில் மூன்று ஆண்டு மிச்சமிருந்தபோது மலையடிவாரத்தில் ஒரு சுழிக்கோட்டை முளைத்தது. யாரும் கட்டவில்லை. ஒரு மழை விட்டதும் பார்த்தால், வளைந்து வளைந்து உள்ளே போகும் கற்சுவர்கள். ஆட்டைத் தேடி நுழைந்த ஒருவன் சீக்கிரமே ஆட்டோடு திரும்பினான். வெளியே அவன் பெண்டாட்டி அவனுக்கு வருடத் திதியே கொடுத்து முடித்திருந்தாள். உள்ளே ஒரு நாழிகை என்றால் வெளியே ஒரு வருடம்.

ஊரே நடுங்கியது. அமைச்சர் சொல்வளத்தார் மட்டும், ஆட்சியில் ஒரு மாதமே மிச்சமிருந்த நாளில் புன்னகைத்தார்.

"மன்னா, வட்டில் எங்கே இருக்க வேண்டும் என்று சட்டம் சொல்லவில்லை."

மறுநாள் காலையில் மன்னர், சிம்மாசனம், வட்டில், அமைச்சர், ஆவுடை எல்லாம் உள்ளே போயின. மிச்சமிருந்த மாதத்துக்கு ஆயிரத்து எண்ணூறு நாழிகை. ஆகவே அடுத்த தேர்தல் ஆயிரத்து எண்ணூறு ஆண்டு கழித்து. சட்டம் மயிரிழையும் மீறப்படவில்லை.

"சாயங்காலம் வந்துருவேன் ஆத்தா," என்று தயிர்சோற்று மூட்டையோடு போனாள் ஆவுடை.

அந்தச் சாயங்காலம் வரவேயில்லை. கோட்டை வாசலில் மனு வாங்க ஓர் அதிகாரி உட்கார்ந்தார். எதைக் கேட்டாலும், "பரிசீலனையில் இருக்கிறது," என்பார். வறட்சியில் கொடுத்த மனுவுக்கு மூன்றாம் வருடம் பதில் வந்தது. ஏரி உடைந்து ஊர் மிதந்துகொண்டிருக்க, உடனே கிணறு வெட்டும்படி ஆணை. இடுப்பளவு தண்ணீரில் நின்று வெட்டினார்கள். வெட்டாதவர்களுக்குக் கசையடி.

அடுத்த ஆணை இன்னும் மோசம். "வட்டில் காட்டுவதே காலம். அதைச் சந்தேகிப்பது அரசத் துரோகம்." வட்டில் கணக்கில் ஒரு நாள்கூட ஆகவில்லையே; அதனால் யாருக்கும் வயது ஏறவில்லை. அதன்பின் பிறந்த பிள்ளைகள் இன்னும் பிறக்கவே இல்லை; அவர்களுக்கு அரிசி கிடையாது.

முப்பத்திரண்டு வருடம் ஓடிற்று. ஒரு நாள் குயிலாயி, அரசாணைப்படி ஊரே கூலியில்லாமல் சுமந்த கல்கூடைகளில் தன்னுடையதை அதிகாரி முன்னால் இறக்கி வைத்தாள்.

"எழுபது ஆச்சு சாமி. முதுகு நிமிர மாட்டேங்குது."

"பதிவேட்டுல முப்பத்தெட்டுன்னு இருக்கு. இந்த வயசுல என்னம்மா முதுகுவலி? தூக்கு."

அவள் கூடையைத் தூக்கினாள். மனம் வேறு கணக்குப் போட்டது. மகளுக்கு இன்னும் அந்தி விளக்கு வைத்துச் சற்று நேரம்தான் ஆகியிருக்கும். இன்னும் இரண்டு நாழிகை போனால் அவளுக்கு ஆத்தா இருக்க மாட்டாள்.

வருடத்துக்கு ஒருவர் உள்ளே போகலாம். அரச வட்டிலைத் துலக்கித் தர அனுமதி கேட்டு மனுப் போட்டு, மெழுகு முத்திரை வாங்கினாள். காவலர்கள் மடியைச் சோதித்தார்கள், கொண்டையைச் சோதிக்கவில்லை. துளை போடும் ஊசி அதற்குள் இருந்தது.

உள்ளே மன்னர் உண்ட களைப்பில் குறட்டை விட்டுக்கொண்டிருந்தார். ஆவுடை நிமிர்ந்து பார்த்தாள். உள்ளே போன காலையில் இருந்த அதே முகம்.

"யாரு பாட்டி நீங்க?"

அமைச்சர் பக்கத்தில் நின்றார்.

"வட்டில் துலக்க வந்தவ, தாயி."

புளி போட்டுத் தேய்த்தாள். முந்தானை மறைவில் ஊசி துளைக்குள் இறங்கி அதை அகலமாக்கியது. அமைச்சரின் பாதக்குறடு நெருங்கி வந்தது.

"கை ஏன் நடுங்குகிறது?"

"முப்பத்தெட்டு வயசுதானே சாமி, இன்னும் கைப்பழக்கம் வரல."

பிறகு அவள் துளையில் ஒரு முறை ஊதி, வட்டிலைக் காதில் வைத்துக் கேட்டாள். ஆவுடையின் கண் அப்படியே நின்றுவிட்டது. அப்படிக் கேட்பவள் இந்த நாட்டில் ஒருத்திதான். வாயைத் திறக்காமல் வட்டிலை வாங்கி மிதக்கவிட்டாள். குபுக்கென்று மூழ்கியது. மணி அடித்தாள். மறுபடி குபுக். மறுபடி மணி.

அமைச்சர் வாயைத் திறந்தார். வட்டிலைச் சந்தேகிப்பது துரோகம், எழுதியவரே அவர்தான். வாயை மூடிக்கொண்டு எண்ணத் தொடங்கினார். மன்னர் விழிப்பதற்குள் ஆயிரத்து எண்ணூறும் முடிந்தது.

வட்டிலோடு வெளியே வந்தபோது ஊரே திரண்டு நின்றது. சொல்வளத்தார் தொண்டையைச் செருமினார்.

"வட்டிலின்படி வெளியே ஆயிரத்து எண்ணூறு ஆண்டுகள் கழிந்துவிட்டன. நூறு வயது கடந்தோர் இறந்தோராகக் கருதப்பட்டு, ஓலை எழுதுவோர் பட்டியலிலிருந்து நீக்கப்படுகிறார்கள்."

"நான் இங்கதானய்யா நிக்கிறேன்?" என்றான் ஒரு கல்சுமப்பவன்.

"இறந்தோர் குறுக்கே பேசக் கூடாது."

பட்டியலில் மிஞ்சியவர்கள் உள்ளே இருந்த மூவர்தான். மன்னர் தன் பெயரை எழுதிக் குடத்தில் போட்டார். அமைச்சரும் அக்கம்பக்கம் பார்த்துவிட்டுத் தன் பெயரையே எழுதிப் போட்டார். மூன்றாவது ஓலை ஆவுடையின் கையில். இருவர் பார்வையும் அவள் எழுத்தாணி மேல் நின்றது. அவள் திரும்பி, இறந்துபோன தன் தாயைப் பார்த்தாள்.

"யோசிக்க எவ்ளோ நேரம்னு கேளு, கண்ணு," என்றாள் குயிலாயி.

"ஒரு நாழிகை," என்றார் அமைச்சர். "அரச வட்டிலின்படி. சிம்மாசனத்தின் முன்பு அளக்க வேண்டும்."

"அப்ப நீங்க உள்ள போயி அளந்துக்கிட்டு இருங்கய்யா. நான் எங்க உக்காந்து யோசிக்கணும்னு சட்டம் சொல்லலையே."

குயிலாயி வட்டிலைப் பணிவாகத் துடைத்து நீட்டினாள். மனுவிலிருந்து கிள்ளிய முத்திரை மெழுகு இப்போது துளைக்குள் இருந்தது. சிம்மாசனத்தோடு மற்றவரைத் தனியே விட இருவருக்குமே மனமில்லை. சேர்ந்தே உள்ளே போனார்கள்.

செத்தவர்களுக்கு வரி இல்லை. கல் சுமையும் இல்லை. ஆத்தாவும் மகளும் வேப்பமர நிழலில் மூட்டையை அவிழ்த்தார்கள். தயிர்சோறு லேசாகத்தான் புளித்திருந்தது.

வட்டில் இன்னும் மிதக்கிறதாம். சில வருடங்களுக்கு ஒரு முறை சுழிக்கோட்டைக்குள்ளிருந்து ஒரு குரல் வரும்.

"எழுதியாயிற்றா?"

அந்த வழியாக யார் போனாலும், நின்று, மரியாதையாகவே பதில் சொல்வார்கள்.

"பரிசீலனையில் இருக்கிறது."