நிதானம் எடுத்த ஸ்கிரீன்ஷாட்

பஸ் ஏரிக்குள் இறங்கியதும் நிதானம் செய்த முதல் வேலை, அதை ஒரு ஸ்கிரீன்ஷாட் எடுத்ததுதான்.

முன்சக்கரங்கள் இரண்டும் தண்ணீருக்குள் போய்விட்டன. பின்பக்கம் மட்டும் கரையில் தூக்கிக்கொண்டு நின்றது. வைப்பர் எதுவுமே நடக்காததுபோல் ஆடிக்கொண்டிருந்தது. கம்ப்யூட்டர் கேமில் இப்படி ஒரு காட்சி அமைவது அபூர்வம். அவர் நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டு, கோணத்தை மாற்றி, வெயிலைக் கொஞ்சம் சாய்த்து, இன்னொன்றும் எடுத்தார்.

டிப்போவில் அவருக்கு நிதானம் என்று பெயர் வைத்தவர்கள் இதைப் பார்த்திருக்க வேண்டும். சர்வீஸில் சேர்ந்த நாள்முதல் அவர் ஒரு சைக்கிளைக்கூட உரசியதில்லை. அவர் பஸ்ஸை முந்திக்கொண்டு போகாத வண்டி ஊரில் பால்வண்டி ஒன்றுதான், அதுவும் வீட்டுக்கு வீடு நிற்பதால். அவசரக்காரர்கள் அவர் பஸ் வந்தால் அடுத்த பஸ்ஸுக்குக் காத்திருப்பார்கள்.

ஆனால் மச்சான் வெளியூருக்கு மாற்றலாகிப் போனபோது தன் கம்ப்யூட்டரை இவர் வீட்டில் விட்டுவிட்டுப் போனார். அதில் பஸ் ஓட்டும் கேம் ஒன்று இருந்தது. அன்றிலிருந்து நிதானம், ரோட்டில் செய்யக்கூடாத அத்தனையையும் வீட்டில் செய்துகொண்டிருந்தார். மலை முகட்டிலிருந்து பறந்தார், படிக்கட்டில் இறங்கினார், ஒருமுறை ஒரு மாடிவீட்டின் மொட்டைமாடியில் பார்க் செய்தார். ஒவ்வொன்றையும் படம் எடுத்து வைத்துக்கொண்டார்.

அந்தக் கேமில் பஸ்ஸுக்கு நாமே பெயின்ட் அடிக்கலாம். நிதானம் பொறுமையாக உட்கார்ந்து, தான் தினமும் ஓட்டும் பன்னிரண்டாம் நம்பர் பஸ்ஸை அப்படியே உரித்து வைத்திருந்தார். அதே பச்சைப் பட்டை, அதே நம்பர் பிளேட், பின்கதவுப் பக்கம் இருந்த அதே நசுங்கல்.

அன்று அவர் முதுகுவலி என்று லீவு போட்டிருந்தார். கேமில் புதிதாக ஓர் ஏரிப்பாதை வந்திருந்தது, அதுதான் முதுகுவலி.

இது டிப்போவுக்குத் தெரியவே கூடாது. காரணம், வரும் வாரம் டிப்போவுக்கு ஒரு புத்தம்புது பஸ் வருகிறது. யாரிடம் கொடுப்பது என்று மேனேஜர் மேடம் முடிவு செய்வார், அவர் வாயிலிருந்து முதலில் வந்த பெயர் நிதானம். அந்த பஸ்ஸின் மேல் அவருக்கு அப்படியோர் ஆசை. டிரைவர் சீட்டின் பிளாஸ்டிக் உறையைத் தன் கையால்தான் கிழிக்க வேண்டும் என்று மனைவியிடம் ஆயிரம் முறை சொல்லிவிட்டார்.

ஏரிப் படத்தைத் தன்னைப்போல் கேம் ஆடுகிறவர்களின் வாட்ஸ்அப் குழுவுக்கு அனுப்பினார். "மறுபடியும் தண்ணிக்குள்ள விட்டாச்சு. என்ன ஒரு சுகம்" என்று கீழே எழுதவும் செய்தார். பதில் உடனே வந்தது.

"இது நம்ம பன்னெண்டாம் நம்பர் இல்ல?"

எழுதியது டிப்போ மெக்கானிக்.

நிதானம் குழுவின் பெயரைப் பார்த்தார். இரண்டு குழுக்களுக்கும் முகப்புப் படம் பஸ்தான். அவசரத்தில் டிப்போ குழுவில் போட்டுவிட்டார். படத்தை அழுத்திப் பிடித்தார். "எல்லோருக்கும் நீக்கு", "எனக்கு மட்டும் நீக்கு" என்று இரண்டு வரி வந்தது. விரல் கீழே இருந்ததில் பட்டது.

படம் அவர் கண்ணிலிருந்து மறைந்தது. டிப்போவில் இருந்த மற்ற எல்லோர் கண்ணிலும் அப்படியே இருந்தது. இனி அதை நீக்கவும் வழியில்லை.

அடுத்த அறையில் தையல் மெஷின் சத்தம் நின்றது. மனைவி, வாயில் குண்டூசியும் கழுத்தில் டேப்புமாக எட்டிப் பார்த்தாள். விஷயத்தைக் கேட்டு, ஒவ்வொரு குண்டூசியாக எடுத்துச் சட்டையில் குத்திக்கொண்டாள். அவள் யோசிக்கப்போகிறாள் என்று அர்த்தம்.

"கேம்தான்னு சொல்லிடுங்க," என்றாள்.

"சொன்னா, முதுகுவலிக்காரன் எப்படி உட்கார்ந்து ஆடினான்னு கேப்பாங்க."

அதற்குள் மேனேஜரே போன் செய்துவிட்டார். மேனேஜர் மேடம் கத்துகிற ஆள் இல்லை. அமைதியாகத்தான் கேட்பார், பதில் சொல்கிறவருக்குத்தான் வியர்க்கும். பஸ் எந்த இடத்தில் விழுந்திருக்கிறது, அதில் என்ன சுகம் கண்டீர்கள் என்று இரண்டே கேள்வி.

நிதானத்துக்கு வாயில் வந்தது இதுதான்: "அது நான் எடுத்தது இல்லைங்க மேடம். யாரோ எனக்கு அனுப்பினாங்க. நான் பார்வர்டு பண்ணினேன்."

சொல்லி முடித்த பிறகுதான், அப்படியானால் பஸ் நிஜமாகவே ஏரியில் கிடக்கிறது என்று தானே சாட்சி சொல்லிவிட்டது அவருக்கு உறைத்தது.

மேனேஜரின் குரல் இன்னும் அமைதியானது. அன்று பன்னிரண்டாம் நம்பரை ஓட்டிப் போயிருப்பவர் ரேடியோ. வாய் ஓயாமல் பேசுவதால் வந்த பெயர். அவர் காலி டிரிப்பில் டிப்போவுக்குத் திரும்பிக்கொண்டிருக்க வேண்டும், ஏரிக்கரை ரோடு வழியாகத்தான் வரவும் வேண்டும், ஆனால் இன்னும் வரவில்லை. அவர் போனும் கண்டக்டர் போனும் ஸ்விட்ச் ஆஃப்.

"ரேடியோ போன் ஆஃப் ஆகி நான் பார்த்ததே இல்லை," என்று சொல்லி மேனேஜர் வைத்துவிட்டார்.

நிதானம் நெற்றியைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தார். ரேடியோவுக்கு அன்று ஓய்வு நாள். நிதானம் அண்ணனுக்கு முதுகு சரியில்லை என்று கேள்விப்பட்டு, தானாக வந்து டியூட்டி ஏற்றுக்கொண்டவர். வழியில் தைலம் ஏதும் வாங்கிவரட்டுமா என்றுகூடக் காலையில் போனில் கேட்டிருந்தார்.

"பஸ் நல்லா இருக்கிற மாதிரி ஒரு படம் போட்டுட்டா பிரச்சினை தீர்ந்தது," என்றாள் மனைவி.

நிதானத்துக்கு அது சரியாகத்தான் பட்டது. பஸ்ஸை ஏரியிலிருந்து எடுத்தார், கேமில் அதற்கு ஒரு பட்டன் போதும். நல்ல வெளிச்சமாகப் பார்த்து நிறுத்தினார். காலி பஸ் என்றால் சந்தேகம் வரும் என்று பயணிகளை ஏற்றினார். ஸ்கிரீன்ஷாட் எடுத்து, இந்த முறை குழுவின் பெயரை மனைவியும் ஒருமுறை படித்துப் பார்த்த பிறகு, "பஸ் பத்திரமாக உள்ளது. முந்தைய படம் யாரோ செய்த குறும்பு" என்று அனுப்பினார். இருவரும் தண்ணீர் குடித்தார்கள்.

மறுபடி போன் வந்தது.

"படம் கிடைச்சுது," என்றார் மேனேஜர். "பின்னாடி கடல் தெரியுதே. நம்ம ரூட்ல கடல் எங்க இருக்கு?"

நிதானம் படத்தைப் பார்த்தார். கடல் இருந்தது. நீலமாக, நிறைய இருந்தது.

"அப்புறம் பஸ்ல இருக்கிறவங்களைப் பாருங்க. எல்லாருக்கும் ஒரே மூஞ்சி. ஒரே கோடுபோட்ட சட்டை. ஜன்னலுக்கு ஒருத்தரா உட்கார்ந்து ஒரே மாதிரி சிரிக்கிறாங்க."

கேமில் பயணி என்றால் ஒரே ஆள்தான், எத்தனை பேரை ஏற்றினாலும் அவரே வந்து உட்காருவார். இத்தனை நாள் ஆடியும் நிதானம் அதைக் கவனித்ததில்லை. அவருக்கு எப்போதும் ரோட்டின் மேல்தான் கண்.

மேனேஜருக்கு எல்லாம் புரிந்துவிட்டது. ரேடியோ யாரோ ஒரு குடும்பத்திடம் பஸ்ஸை வாடகைக்கு விட்டிருக்கிறார். அண்ணன் தம்பிகள் எல்லோரும் ஒரே துணியில் சட்டை தைத்துப் போட்டுக்கொண்டு கடல் பார்க்கப் போயிருக்கிறார்கள். வருகிற வழியில் பஸ் ஏரியில் விழுந்திருக்கிறது. அதனால்தான் போன் ஆஃப்.

"ரேடியோவை சஸ்பெண்ட் பண்ண ஆர்டர் டைப் ஆகுது. மெக்கானிக் கிரேன் லாரியோட ஏரிக்குக் கிளம்பறாரு. உங்களுக்கு யார் இந்தப் படத்தையெல்லாம் அனுப்பறாங்கன்னு எனக்குத் தெரிஞ்சாகணும். முதுகு எப்படி இருந்தாலும் சரி, கிளம்பி வாங்க."

பிறகு மனைவி பீரோவைத் திறந்து லைனிங் துணியில் நீளமாக ஒரு துண்டைக் கிழித்தாள். முதுகுவலிக்காரர் வெறும் இடுப்போடு போகக்கூடாதாம். நான்கு சுற்றுச் சுற்றி, குண்டூசி போட்டாள். அதற்கப்புறம் அவர் குனிய நினைத்தாலும் குனிய முடியவில்லை.

"அங்க போய் என்ன சொல்லப் போறீங்க?"

"தெரியலையே."

ஆட்டோவில் போகும்போது அவருக்கு இரண்டு காட்சிகள் மாறி மாறி வந்தன. ஒன்றில் புது பஸ்ஸின் சீட்டில் பிளாஸ்டிக் உறை பளபளத்தது. இன்னொன்றில் ரேடியோ கையில் ஆர்டரை வைத்துக்கொண்டு, தான் எந்தக் கடலைப் பார்த்தோம் என்று புரியாமல் நின்றார். வாயை மூடிக்கொண்டிருந்தால் புது பஸ் கிடைக்கும். திறந்தால் ரேடியோவுக்கு வேலை மிஞ்சும். டிப்போ வாசலில் இறங்கும்வரை அவர் எதையும் முடிவு செய்யவில்லை.

கிரேன் லாரி ஸ்டார்ட் ஆகாமல் இருமிக்கொண்டிருந்தது. ஊழியர்கள் எல்லோரும் வேலையை விட்டுவிட்டு மெக்கானிக்கின் போனைச் சுற்றி நின்றார்கள். மேனேஜர் நடுவில் நின்றார்.

நிதானம் விறைப்பாக நடந்துபோய் அவர் முன்னால் நின்றார். இடுப்பில் ஒரு குண்டூசி குத்தியது. அந்தக் குத்தோ, ரேடியோ கேட்ட தைலமோ, எது காரணமோ, எல்லாவற்றையும் கொட்டிவிட்டார்.

"மேடம், ரேடியோ மேல ஒரு தப்பும் இல்லை. அந்த ஏரி நிஜ ஏரி இல்லை. அந்த பஸ்ஸும் நிஜ பஸ் இல்லை. கம்ப்யூட்டர்ல நான் ஆடற கேம். எனக்கு முதுகுவலியும் இல்லை."

யாரும் நம்பவில்லை. நிதானமா, பஸ்ஸைத் தண்ணீரில் விடுவதா என்று மெக்கானிக் சிரித்தார். ரேடியோவைக் காப்பாற்றப் பழியைத் தன்மேல் போட்டுக்கொள்கிறார் என்று ஒருவர் பின்னாலிருந்து சொன்னார். வேறு வழியில்லாமல் நிதானம் போனைத் திறந்து, சேர்த்து வைத்திருந்த படங்களை ஒவ்வொன்றாகக் காட்டினார். பன்னிரண்டாம் நம்பர் மொட்டைமாடியில் நின்றது. பன்னிரண்டாம் நம்பர் தலைகீழாகக் கிடந்தது. பன்னிரண்டாம் நம்பர் ஒரு கால்பந்து மைதானத்தில் கோல் போஸ்ட்டுக்குள் நின்றது. ஒவ்வொன்றிலும் ஜன்னல் ஓரம் அதே கோடுபோட்ட சட்டைக்காரர் சிரித்துக்கொண்டிருந்தார்.

படங்களைப் பார்த்து முதலில் சிரித்தது மேனேஜர்தான். அப்புறம் டிப்போவே சிரித்தது. மெக்கானிக் கிரேன் லாரியின் படியில் உட்கார்ந்து கண்ணைத் துடைத்துக்கொண்டார். மொட்டைமாடியில் ஏற்றியது எப்படி என்று இரண்டு டிரைவர்கள் நிஜமான அக்கறையோடு விசாரித்தார்கள்.

அந்தச் சிரிப்பு அடங்குவதற்குள் பன்னிரண்டாம் நம்பர் பஸ் கேட்டுக்குள் நுழைந்தது. முழுசாக, பத்திரமாக, கழுவிவிட்ட பளபளப்போடு வந்து நின்றது. நிதானத்துக்கு உயிர் வந்தது. ஓடிப்போய் ரேடியோவின் கையைப் பிடித்துக்கொண்டார். ரேடியோவின் பேன்ட் முழங்கால் வரை நனைந்திருந்தது. ஏன் லேட் என்று மேனேஜர் கேட்டதற்கு, பஸ் தூசியாக இருந்தது, வழியில் நிறுத்திக் கழுவினோம் என்று மட்டும் சொன்னார். போனிலும் தண்ணீர் பட்டுவிட்டதாம்.

மேனேஜர் பஸ்ஸில் ஏறி ஒரு சுற்றுப் பார்த்துவிட்டு இறங்கினார். அவர் முகத்தில் அப்படி ஒரு திருப்தியை டிப்போவில் யாரும் கண்டதில்லை.

"சீட்டுக்கு அடியில எல்லாம் கழுவியிருக்காரு. யாரும் சொல்லாம." பிறகு நிதானத்தின் பக்கம் திரும்பினார். "உண்மையைச் சொன்னதுக்காக உங்க மேல ஆக்ஷன் எடுக்கலை. ஆனா பஸ்ஸைத் தண்ணிக்குள்ள விடறதுல சுகம் காண்றவர்கிட்ட புது பஸ்ஸை என்னால கொடுக்க முடியாது. அதை ரேடியோவே ஓட்டட்டும்."

எல்லோரும் கை தட்டினார்கள். எதற்கெடுத்தாலும் அரைமணி நேரம் பேசுகிற ரேடியோ, "சரிங்க மேடம்" என்பதோடு நிறுத்திக்கொண்டார். என்ன ஓர் அடக்கம் என்று ஆளாளுக்கு வியந்தார்கள்.

நிதானமும் கை தட்டினார். பிளாஸ்டிக் உறை கைவிட்டுப் போனதில் மனசு வலித்தது, வலிக்கவில்லை என்று சொன்னால் அது பொய். ஆனால் ரேடியோவின் வேலை பிழைத்துக்கொண்டதில் நிஜமாகவே சந்தோஷமாக இருந்தது. கூட்டம் கலைந்ததும் ஓரமாகப் போய், ஒவ்வொரு குண்டூசியாகக் கழற்றத் தொடங்கினார்.

பஸ்ஸின் பின்சீட்டில் சட்டையைக் காயப்போட்டுவிட்டு உட்கார்ந்திருந்த கண்டக்டர் அப்போதுதான் இறங்கினார். நடந்த கூத்து எதுவும் அவருக்குத் தெரியாது. மெக்கானிக்கின் போனில் எதைப் பார்த்தாரோ, முகம் வெளுத்துப்போய், ஈரப் பனியனோடு ஓடிவந்து நிதானத்தின் கையைப் பிடித்து டீசல் பம்ப்புக்குப் பின்னால் இழுத்துக்கொண்டு போனார்.

"அண்ணே, ஏரிக்கரையில ஒரு ஈ காக்கா இல்லைன்னு நாலு பக்கமும் பார்த்துட்டுத்தான் டிராக்டர் கட்டி பஸ்ஸை வெளிய இழுத்தோம். இவ்வளவு கிட்டத்துல போட்டோ எடுத்திருக்கீங்களே, நீங்க எங்கண்ணே ஒளிஞ்சிருந்தீங்க?"