ஒரு நிமிஷம், ஃபோகஸ் பாத்துக்கறேன்

"அங்கேயா கேமரா வைக்கிறீங்க? ஜன்னல் எனக்குப் பின்னாடி இருக்கு. நான் கரிக்கட்டை மாதிரி தெரிவேன்!"

பேட்டி தொடங்கும் முன்பே நாற்காலியை விட்டு எழுந்துவிட்டார் கேமராமேன். முப்பது வருஷம் சினிமா, டி.வி. என்று கேமராவுக்குப் பின்னாலேயே நின்றவரை, முதல்முறையாக ஒரு சேனல் முன்னால் உட்கார வைக்க வந்திருந்தது. முடி வெட்டி, சட்டையை இரண்டு தடவை இஸ்திரி போட்டு, சொந்தக்காரர்கள் அத்தனை பேருக்கும் போன் போட்டுச் சொல்லியாயிற்று.

கேமராவோடு வந்திருந்த மீசைக்காரர் தலையைச் சொறிந்தார். "அப்போ எங்க சார் வைக்கறது?"

"தள்ளுங்க. நான் காட்டறேன்."

சோபாவைத் திருப்பினார். டி.வி. திரையில் விளக்கு பளிச்சென்று தெரிந்தது. டி.வி.யைக் கழற்றினார். சுவரில் ஒரு அழுக்குச் சதுரம் பல்லிளித்தது. அதை மறைக்க பீரோவை நகர்த்தினார். கதவு திறந்து துணியெல்லாம் சரிந்தது. கொஞ்சமும் அசராமல் இன்னொரு விளக்கைச் சொருகினார். ஃபியூஸ் போயிற்று.

"நல்லதாப் போச்சு. வெயில் போதும்!" என்று திரைச்சீலையை விலக்கிவிட்டார்.

"சார், ஆரம்பிக்கலாமா?" பேட்டி எடுக்க வந்த பெண், தன் மடியில் விழுந்த தலையணை உறையை மடித்தபடி கேட்டாள்.

"ஒரு நிமிஷம்மா, ஃபோகஸ் பாத்துக்கறேன்." உள்ளே பார்த்துக் குரல் கொடுத்தார். "ஏய், வந்து என் இடத்துல கொஞ்சம் உட்காரு."

மனைவி வந்து உட்கார்ந்தாள்.

"சும்மா இருக்காதே, ஏதாவது பேசு. சவுண்டும் பாக்கணும்."

"என்னத்தைப் பேசறது?"

"சாரைப் பத்தியே சொல்லுங்களேன்," என்றாள் அந்தப் பெண்.

"இவரா? எங்க கல்யாண ஆல்பத்துலயே பாதிப் படத்துல இவர் இல்ல. போட்டோகிராபருக்கு எடுக்கத் தெரியலைன்னு கேமராவைப் பிடுங்கிட்டுப் போயிட்டார்."

"தலையை ஆட்டாதே," என்றார் கேமராவில் கண்ணை வைத்தபடியே.

"ஒரு தடவை மழையில ஷூட்டிங். கேமராவுக்குக் குடையைப் பிடிச்சுட்டு இவர் நனைஞ்சார். பத்து நாள் காய்ச்சல். தியேட்டர்ல அந்தக் காட்சிக்குக் கைதட்டினவங்க யாருக்கும் அது தெரியாது. எனக்கு மட்டும்தான் தெரியும்."

அவர் கை தானாக ஜூமைத் திருப்பியது. மெல்ல, இன்னும் மெல்ல. அவள் கண்ணோரத்து ஈரம் துல்லியமாக வந்து நிற்கும்வரை அவர் மூச்சே விடவில்லை.

"கட்! இப்படி ஒரு க்ளோசப் எந்த ஹீரோயினுக்கும் நான் வச்சதில்ல!"

"பிரமாதமான பேட்டி, எல்லாம் பதிவாயிடுச்சு. ரொம்ப நன்றி மேடம்," என்று அந்தப் பெண் மைக் வயரைச் சுருட்டினாள்.

"பேட்டியா? நான் இன்னும் உட்காரவே இல்லையே!" அவர் மீசைக்காரர் பக்கம் திரும்பினார். "கேமராமேனா இருந்துட்டு நீங்க ஒரு வார்த்தை சொல்லக்கூடாதா?"

"நான் வண்டி ஓட்டறவன் சார். எங்க கேமராமேனுக்கு உடம்பு சரியில்லைன்னு காலையில இங்க போன் பண்ணினோம். உங்க வீட்டு அம்மாதான், 'பரவாயில்ல, நீங்க கேமராவைத் தப்பா வச்சுட்டு நில்லுங்க, மீதியை அவரே பாத்துக்குவார்'னு சொன்னாங்க!"