நெனப்புத்தின்னியும் மாமன் சாமைக் காடும்

படித்து முடித்தவனுக்கு வருகிற முதல் வியாதி, ஊரைத் திருத்த வேண்டும் என்பது. எனக்கு அது சேந்தமங்கலத்தில் எட்டாம் வகுப்புத் தேறிய கையோடு தொற்றி, கொல்லிமலை ஏறி எங்கள் அரியூர் நாட்டுக்கு வந்து சேர்வதற்குள் நன்றாக முற்றிவிட்டது.

எங்கள் குடும்பத்தில் பள்ளிக்கூட வாசலை மிதித்த முதல் ஆள் நான். (அந்தப் பெருமையில் கொஞ்ச நாள் செருப்புக்கூடக் கழற்றாமல் நடந்தேன்.) பிள்ளைகளைச் சேர்த்துக் காட்டினால் எங்கள் ஊருக்குப் பள்ளிக்கூடம் தருவதாகவும், அதற்கு நானே வாத்தியார் என்றும் மலைக்குக் கீழே கல்வி ஆபீசில் சொல்லியிருந்தார்கள். சேர்க்காவிட்டால் மண்டியில் மிளகு மூட்டைகளுக்குக் குறி போடும் வேலைதான். மண்டிக்குப் போவதில்லை என்று முடிவு செய்துவிட்டேன்.

குறுக்கே நின்றது நெனப்புத்தின்னி.

அதை யாரும் பார்த்ததில்லை. ஆனால் அடையாளம் சொல்லாதவர் இல்லை. எள்ளளவாகப் பிறந்து, மனிதன் மண்டைக்குள் காதோரமாகப் படுத்துக்கொண்டு, அவன் நினைப்பதைத் தின்று வளருமாம். என் மாமன் அதற்கு மீசை உண்டு என்பார். முக்கியமான காரியத்துக்குப் போகிறவர்கள் அதற்குத் தீனியாக ஓர் உருப்படாத நினைப்பைப் போட்டுவிட்டுத்தான் கிளம்புவார்கள். விதைக்கப் போகிறவர் பக்கத்து வீட்டுக்காரனின் மூக்கை நினைத்தபடியே போவார். தின்னி மூக்கைத் தின்னும், விதைப்பு தப்பிக்கும்.

"ஒரு நெனப்பு இருக்கும்போதே இந்தப் பாடு. பள்ளிக்கூடத்துல ஆயிரம் நெனப்ப ஏத்துனா அது பன்னியாட்டம் கொழுத்துப்போவும். அப்புறம் பையன் அப்பன் பேரையே மறந்துருவான்" என்றார்கள் ஊரார். ஒரு பிள்ளைகூடச் சேரவில்லை.

கோயில் முன்னால் ஊர்க்கூட்டம் கூட்டி, தின்னி என்று ஒன்றே இல்லை என நிரூபிப்பதாக அறிவித்தேன். மூடநம்பிக்கையைப் பற்றி ஒரு நீண்ட சொற்பொழிவு தயாரித்து, பலாமரங்களிடம் பேசிப் பழகினேன். (மரங்கள் மறுத்துப் பேசவில்லை.)

கூட்டத்தன்று காலையில் அம்மா காளையின் கயிற்றை என் கையில் கொடுத்தாள்.

"போற வழியில தண்ணி காட்டிக் கட்டிப்போட்டுட்டுப் போ சாமி. அப்படியே ஒரு உருப்படாத நெனப்பும் நெனச்சுக்க."

"படிச்சவன் மண்டையில அதுக்கு எடமில்லீங்கம்மா."

"எடம் நெறைய இருக்கறதாத்தான் கண்ணு பேசிக்கறாங்க" என்றாள் அம்மா.

நான் காதில் வாங்கவில்லை. வழி நெடுக சொற்பொழிவுதான் ஓடியது.

கூட்டத்தில் பாதிப் பேச்சு பிரமாதமாகப் போயிற்று. அந்த உற்சாகத்தில், பேச்சில் இல்லாத ஒன்றைச் சொன்னேன்: "எட்டு வருசம் படிச்சேன். ஏதாச்சும் ஒண்ணு மறந்திருக்கேனான்னு கேட்டுப் பாருங்க! மறந்திருந்தா நான் மண்டிக்கே போயிர்றேன்."

பதினாறாம் வாய்ப்பாடு கேட்டார்கள். மூச்சு விடாமல் சொன்னேன். ஆறுகள், மலைகள், லண்டன் ராஜாக்கள் எல்லாம் வரிசையாக வந்தன. கூட்டம் அசந்துபோயிற்று.

ஊர்க்கவுண்டர் என் மாமன்தான். மருமகன் ஜெயிக்கட்டும் என்று, மனிதர் இருப்பதிலேயே சுலபமான கேள்வியாகக் கேட்டார்.

"போதும் மாப்ள. கடைசியா ஒண்ணு. காத்தால காளைய ஓட்டிக்கிட்டுப் போனியே, எங்க கட்டுன?"

வாயைத் திறந்தேன். காளை ஞாபகம் வந்தது. கயிறு ஞாபகம் வந்தது. அது தண்ணீர் குடித்ததும் ஞாபகம் வந்தது. அதற்கப்புறம் துடைத்துவிட்ட பலகைதான்.

கீழே பள்ளத்திலிருந்து மாமன் மகள் வெள்ளையம்மாவின் குரல் கேட்டது.

"அப்போவ்! மச்சான் ஊட்டுக் காளை நம்ம சாமையில நிக்குது! பாதிக் காடு போச்சு!"

காட்டை ஒருவரும் பார்க்கவில்லை. எல்லாரும் என் காதைப் பார்த்தார்கள்.

ஓடினேன். கயிற்றைப் பிடித்து இழுத்தேன். காளை என்னை இழுத்தது. அறுப்புக்கு நின்ற மிச்சச் சாமையை நாங்கள் இரண்டு பேருமாகப் படுக்கவைத்தோம். ஆனாலும் நான் விடுவதாயில்லை. தலை முழுக்கச் சேறும் கதிருமாகத் திரும்பி வந்து, "பள்ளிக்கூடம் வந்தே தீரும்!" என்றேன். குழந்தைகள் கைதட்டினார்கள். பெரியவர்கள் மாமனைப் பார்த்தார்கள். காடு போனது அவருக்கு.

மாமன் வெகுநேரம் மீசையை நீவினார்.

"தின்னி இருக்கறது நெசம். இவன் மண்டையிலயே இருக்குது. ஆனா ஒண்ணு பாத்தீங்களா? காளையத் தின்னது, கயித்தத் தின்னது. வாய்ப்பாட்ட மட்டும் தொடவே இல்ல. ஏன்?"

கூட்டம் மறுபடியும் என் காதைப் பார்த்தது.

"கசப்பு! குதிருக்குள்ள வேப்பந்தழை போட்டா பூச்சி அண்டுதா? அது மாதிரி, சின்னதுலயே புள்ளைங்க மண்டையில வாய்ப்பாட்டப் போட்டு வெச்சா தின்னி பட்டினி கெடந்து ஓடிப்போவும். ஏன் மாப்ள, செரிதானே?"

என் சொற்பொழிவின் பின்பாதி முழுவதும் இதற்கான மறுப்புத்தான். மார்பை நிமிர்த்தி வாயைத் திறந்தேன். கூட்டத்தின் ஓரத்திலிருந்து அம்மா ஒரே ஒரு பார்வை பார்த்தாள்.

"ஆமாங்க மாமா. ரொம்பக் கசப்புங்க" என்றேன்.

மறுநாளே பிள்ளைகள் வந்துவிட்டார்கள். மூடநம்பிக்கையை ஒழிக்கப் புறப்பட்டவன், அதற்கு மருந்து கொடுக்கும் வாத்தியாராக உட்கார்ந்தேன். இன்றைக்கும், "பையன் ஆட்டக் காட்டுலயே மறந்துட்டு வந்துட்டானுங்க, ஏழாம் வாய்ப்பாடு இன்னும் ஏத்தலீங்களா?" என்று பள்ளிக்கூட வாசலில் சண்டைக்கு வருகிறார்கள்.

அழிந்த சாமைக்கு ஈடாக அடுத்த போகத்தில் மாமன் காட்டில் உழைத்தேன். மேற்பார்வைக்கு வந்த வெள்ளையம்மா இப்போது என் வீட்டுக்காரி. சந்தையில் நான் உப்பை மறந்துவிட்டு வந்தால் திட்டமாட்டாள், என் காதோரம் குனிந்து, "இன்னிக்கு எந்தக் காட்டுல மேயுது?" என்று கேட்பாள்.

போன வாரம் பள்ளிக்கூட இன்ஸ்பெக்டரைப் பார்க்கக் கீழே கிளம்பினேன். வாசலில் வழிமறித்தாள்.

"மச்சான், உருப்படாத நெனப்பு ஒண்ணு எடுத்துக்கிட்டீங்களா?"

"எடுத்துக்கிட்டேன்."

"என்னது?"

"அன்னைக்குப் பேசாம விட்ட சொற்பொழிவோட பின்பாதி."

அவள் தலையில் அடித்துக்கொண்டாள். "எத்தன வருசமா அதையே போடறீங்க! ஒரு எழுத்தாச்சும் தின்னிருக்குதா?"

இல்லைதான். இன்றைக்கும் ஒரு வரி மறக்கவில்லை.